அதிகாரம் இல்லாதவரோடு என்ன இணக்கம் பேசுவது?

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வங்கிக் கடன் வழக்குகள் பற்றி கடந்த ஞாயிறு இதழில் வந்த கட்டுரையை வாசித்தேன். நீதிமன்றம் மத்தியஸ்தத்துக்கு அனுப்பி வைத்தாலும் கடனாளிகள் இறங்கி வருவதில்லை என்று அதில் ஒரு வரி. உங்கள் பத்திரிகையை மதித்து வாசிக்கிற எனக்கு அது மிகவும் மனவருத்தம் தந்தது.

அண்ணன் மகன் மரக்கறி லொறிக்கு எடுத்த கடனுக்கு நான் பிணை. 2022 இல் டீசல் இல்லாமல் லொறிகள் நின்றது தங்களுக்குத் தெரியாததல்ல. அந்த ஏப்ரலில்தான் இலங்கை மத்திய வங்கியும் மற்ற வங்கிகளின் வட்டிக்கு அடிப்படையான கொள்கை வட்டியை ஒரேயடியாக 7 சதவீதப் புள்ளிகள் உயர்த்தியது. தவணை தவறியது, வழக்கு வந்தது. இரு தரப்பும் சம்மதித்து மத்தியஸ்த சபைக்குப் போனோம். முதலையும் வட்டியையும் மாதாமாதம் கட்டுகிறோம், தவணை தவறியதற்கு அபராதமாகப் போட்ட தண்டவட்டியை மட்டும் விடுங்கள் என்று எழுதியே கொண்டுபோனோம். வங்கியிலிருந்து வந்த தம்பி மரியாதையான பிள்ளைதான். ஆனால் எதைக் கேட்டாலும், "ஹெட் ஒபிஸில் கேட்கணும் டீச்சர்" என்பார். அடுத்த முறை வேறொருவர் வந்தார், அவருக்குக் கோப்பே தெரியாது. மத்தியஸ்தர்களைக் குறை சொல்ல மாட்டேன். 1988 ஆம் ஆண்டுச் சட்டப்படி அவர்கள் தீர்ப்புச் சொல்ல முடியாது, இரண்டு பக்கமும் ஒத்துக்கொண்டால்தான் இணக்கம். கடைசியில் இணக்கம் ஏற்படவில்லை என்று சான்றிதழ் எழுதினார்கள். இறங்கி வராதது யார், ஐயா?

அங்கே தந்த கணக்குத் தாள் முழுக்க ஆங்கிலம். முதல், வட்டி, தண்டவட்டி என்று பிரிக்காமல் அடியில் ஒரே தொகை. சபையில் சட்டத்தரணி ஆஜராக முடியாது, நாங்களேதான் பேச வேண்டும். தாள் புரியாமல் என்ன பேசுவது? தமிழும் அரசகரும மொழி என்று 1987 இலேயே அரசியலமைப்பில் எழுதியாயிற்று. கடன் எடுத்த அன்றும் இதே கதைதான். கட்டுக் கட்டாகத் தாளை வைத்து, கையொப்பம் போட வேண்டிய இடத்தை மட்டும் விரலால் காட்டினார்கள்.

வழக்கில்லாமலே ஈட்டுச் சொத்தை ஏலம் விடும் பராட்டே அதிகாரத்தை 2024 இல் பாராளுமன்றம் தற்காலிகமாக நிறுத்தியது. தொழில் நடத்துபவர்கள் கேட்டார்கள், கிடைத்தது, நல்லது. ஆனால் தோட்டத்து லய வீட்டில் இருப்பவரிடம் ஈடு வைக்கக் காணி உறுதி ஏது, அந்தச் சலுகை பயன்பட? பிணைக்கு ஆள்தான் இருக்கிறது. என்னோடு பிணை நின்றவர் கொழுந்து பறிக்கிற அம்மா. 2024 இல்தான் அவருடைய அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபாய் ஆனது. சனிக்கிழமை சபைக்கு வந்தால் அன்றைய பேர், அதாவது அந்த நாள் சம்பளம், போச்சு. அந்த அம்மாவையுமா இறங்கி வராதவர் என்கிறது உங்கள் கட்டுரை?

நான் கடனைத் தள்ளச் சொல்லவில்லை. மத்தியஸ்தத்துக்கு வங்கி அனுப்புகிறவர் விட்டுக்கொடுக்கும் அதிகாரத்தை எழுத்தில் கொண்டு வரட்டும். கணக்குத் தாளை முதல் வேறு, வட்டி வேறாகப் பிரித்து, தமிழில், ஒரு வாரம் முன்பே அனுப்பட்டும். இதைத் தயவுசெய்து வங்கிகள் கண்ணில் படும் பக்கத்தில் போடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர்,
பொகவந்தலாவ.