கார்பாலிக்கில் நனைத்த கட்டுத்துணி

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். விக்டோரியா அரசியார் காலத்து மருத்துவத்தைப் பற்றி எழுதுபவர்கள், 1847-இல் எடின்பரோவில் மருத்துவர் ஜேம்ஸ் சிம்ப்சன் குளோரோஃபார்ம் என்ற மயக்க மருந்தைக் கொடுத்துப் பிரசவ வலியைத் தணித்ததைத்தான் பெரிதாகச் சொல்கிறார்கள். வலி போனது உண்மைதான், சாவு போகவில்லை. நோயாளி துடிக்காததால் மருத்துவர்கள் முன்னைவிடத் துணிந்து அறுத்தார்கள். அறுத்த இடம் புரையோடிப் பலர் வீடு திரும்பாமலே போனார்கள். இரத்தமும் சீழும் காய்ந்து விறைத்த, மருத்துவரின் பழைய கோட்டு அன்று அனுபவத்தின் அடையாளமாகவே கருதப்பட்டது.

இதை மாற்றியவர் கிளாஸ்கோவில் பணியாற்றிய அறுவை மருத்துவர் ஜோசப் லிஸ்டர். அழுகலுக்கு நுண்ணுயிர்களே காரணம் என்ற பிரெஞ்சு அறிவியலாளர் பாஸ்டரின் ஆய்வைப் படித்தவர், கார்லைல் நகரில் சாக்கடைக் கழிவின் நாற்றத்தைப் போக்கிய, கிருமிகளைக் கொல்லும் கார்பாலிக் அமிலத்தைப் புண்ணுக்குக் கொண்டுவந்தார். 1865 ஆகஸ்டில், வண்டிச் சக்கரம் ஏறிக் கால் எலும்பு முறிந்து, தோலும் கிழிந்த நிலையில் 11 வயதுச் சிறுவன் ஒருவனை அழைத்து வந்தார்கள். அத்தகைய முறிவுக்குக் காலையே எடுத்துவிடுவது அன்றைய வழக்கம். லிஸ்டர் அமிலத்தில் நனைத்த துணியை வைத்துக் கட்டினார். நான்காம் நாள் கட்டைப் பிரித்தபோது சீழ் இல்லை. ஆறு வாரத்தில் எலும்பு கூடிவிட்டது. கை கால் அகற்றப்பட்ட 35 பேரில் 16 பேர் இறந்திருந்த அவருடைய வார்டுகளில், இந்த முறை வந்தபின் 40 பேரில் 6 பேரே இறந்தனர். வலியைப் போக்கிய அதே சிம்ப்சன் இதைக் கடுமையாக எதிர்த்தார் என்பதை நினைத்தால் இன்றும் மனம் வருந்துகிறது.

அறுவை அரங்கில் செவிலியராக இருந்து ஓய்வு பெற்றவள் நான். விரல் இடுக்கு முதல் முழங்கை வரை தேய்த்துக் கழுவி, நீர் முழங்கை வழியே வடியும்படி கைகளை உயர்த்திப் பிடித்து நின்ற ஒவ்வொரு நாளும் லிஸ்டருக்குப் பட்ட கடனாகவே எனக்குத் தோன்றியது. ஆனால், ஆன்டிபயாடிக் போட்டால் போதும் என்று நம்பும் உறவினர்கள், வெளியிலிருந்து வந்த கையோடு தையல் போட்ட இடத்தைத் தொட்டுப் பார்ப்பதை இன்றும் காண்கிறேன். மருந்துக்கு அடங்காத கிருமிகள் பெருகிவரும் இந்நாளில், வீட்டில் கட்டு மாற்றுபவர் கை கழுவ வேண்டிய முறையைத் தங்கள் மருத்துவப் பக்கத்தில் படங்களுடன் வெளியிடுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற செவிலியர்,
மதுரை.