எட்டு நாழிகை பழைய முகம்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அம்மா எழுதிக்கொள்வது. போனில் பேசினால் "சரிம்மா, அப்புறம் பேசுறேன்" என்று வைத்துவிடுகிறாய். அதனால்தான் தாளும் பேனாவும். முதல் விஷயம், ராத்திரியில் விளக்கை அணைத்துவிட்டுப் படு. உனக்கு விடியற்காலை மூன்று மணியாக இருக்கும் நேரத்திலும் வாட்ஸாப்பில் 'ஆன்லைன்' என்று காட்டுகிறது. நான் வேவு பார்க்கவில்லை. எனக்கும் அடிக்கடி போனை எடுத்துப் பார்க்கிற பழக்கம் வந்துவிட்டது, அவ்வளவுதான்.

மஞ்சள் பெட்டியை ஒழித்தபோது உன் ஒளிச்சுவடி கிடைத்தது. நினைவிருக்கிறதா? 2003-இல் எழுதிய நோட்டு. வெளிச்சம் ஓடாமல் நடந்து வருகிற உலகம். மலை உச்சியில் ஒருத்தி விளக்கேற்றினால், ஆற்றங்கரையில் இருப்பவர்களுக்கு அது தெரிவதற்குள் அவள் அணைத்துவிட்டுத் தூங்கியே போயிருப்பாள். அந்த உலகத்தின் மறைநூல் என்று 60 ஏடுகளுக்குத் திட்டம் போட்டிருக்கிறாய். நாளுக்கு 60 நாழிகை, நாழிகைக்கு ஓர் ஏடு. 41-உடன் நின்றுவிட்டது. படிக்கும்போது கண் இமைத்தால் எழுத்துகள் ஒரு நாழிகை பின்னால் போய்விடும் என்று விதி வைத்திருக்கிறாயே, அதைப் படித்து ரொம்ப நேரம் சிரித்தேன். கண்ணிமைக்கும் பொழுதை ஒரு மாத்திரை என்று தொல்காப்பியம் சொல்வதை நைசாக உள்ளே நுழைத்திருக்கிறாய். 16 வயதில்! அப்பா இருந்திருந்தால் வருகிறவர் போகிறவருக்கெல்லாம் படித்துக் காட்டியே கொன்றிருப்பார்.

கணக்கில் மட்டும் கோட்டை விட்டிருக்கிறாய். 19-ஆம் ஏட்டில், விளக்குக்காரியின் மலைக்கும் மகள் இருக்கும் ஆற்றங்கரைக்கும் 40 கிலோமீட்டர். மணிக்கு 5 கிலோமீட்டர் நடந்தால் 8 மணி நேரம். நாழிகைக்கு 24 நிமிடம், ஆக 20 நாழிகை வரவேண்டும். நீ எட்டு நாழிகை என்று எழுதியிருக்கிறாய். மணியையும் நாழிகையையும் குழப்பிக்கொண்டாய். அப்புறம் இன்னொன்று. 1983-இலிருந்து மீட்டர் என்பதே, நொடியை 29,97,92,458 பங்காக்கி அதில் ஒரு பங்கு நேரத்தில் வெளிச்சம் போகிற தூரம்தான். அந்த வரையறையை உன் உலகத்துக்குக் கொண்டுபோனால் மீட்டரும் சேர்ந்து சுருங்கிவிடும், உன் 40 கிலோமீட்டர் ஒரு கடுகளவுகூடத் தேறாது. சரி, ரிட்டயர் ஆகியும் வாத்தியார் புத்தி போகவில்லை.

வகுப்பில் வருடா வருடம் ரோமர் கதை சொல்வேனே. வியாழனின் நிலா அயோ, ஒன்றே முக்கால் நாளுக்கு ஒரு சுற்று. பூமி வியாழனை விட்டு விலகிப் போகப் போக அதன் கிரகணம் கணக்குக்குப் பிந்தியது, நெருங்க நெருங்க முந்தியது. நிலாவில் கோளாறு இல்லை, வெளிச்சம் வந்து சேர நேரமாகிறது என்று 1676-இல் ரோமர் சொன்னார். வெளிச்சத்துக்கு ஒரு வேகம் இருப்பதே தாமதத்தைக் கவனித்ததால்தான் தெரிந்தது. போன வருடம் நீ பத்து நிமிடத்தில் பதில் போடுவாய். பிறகு ஒரு நாள் ஆனது. இப்போது 11 நாள் கழித்து ஒரு கட்டைவிரல் படம் வருகிறது. நான் எதுவும் கேட்கவில்லை. கணக்கு மட்டும் வைத்திருக்கிறேன்.

மாப்பிள்ளையை விசாரித்ததாகச் சொல். புது வீட்டுப் போட்டோவில் சாப்பாட்டு மேஜைக்குப் பக்கத்தில் ஒரே ஒரு நாற்காலி இருந்தது. மற்றவை இன்னும் வந்து சேரவில்லையோ என்னவோ. சொல்ல மறந்தாலும் பரவாயில்லை. நேரத்துக்குச் சாப்பிடு. விளக்கை அணைத்துவிட்டுப் படு. உன் வேலையைப் பற்றிச் சின்ன அத்தை பார்க்கிறவர்களிடமெல்லாம் பேசிக்கொண்டிருக்கிறாள். எனக்கும் பெருமைதான். ஆனால் நான்கு மாதத்தில் பெற்றவளிடம் இரண்டே முறை பேசுகிற அளவுக்கா வேலை?

'கிடைத்தது' என்று மேலே எழுதினேனே, அதை அடித்துவிடலாமா என்று பார்த்தேன். வேண்டாம், இருக்கட்டும். நோட்டு தொலையவே இல்லை பாப்பா. வீடு மாறும்போது தொலைந்துவிட்டது என்று அன்றைக்குச் சொன்னது பொய். பரீட்சைக்கு மூன்று மாதம் இருந்தது, நீ ராத்திரியெல்லாம் விளக்கைப் போட்டுக்கொண்டு இதையே எழுதிக்கொண்டிருந்தாய். எடுத்து என் துணிகளுக்கு அடியில் வைத்தேன். பரீட்சை முடிந்ததும் கொடுத்துவிடலாம் என்றுதான். முடிந்தது, மார்க்கும் வந்தது, கொடுக்கவில்லை. அதற்குள் 27-ஆம் ஏட்டைப் படித்திருந்தேன். "விளக்குக்காரிக்கு மகளின் முகம் எப்போதும் எட்டு நாழிகை பழசு. அவள் திட்டுவதும் எட்டு நாழிகைக்கு முந்தைய பெண்ணைத்தான்." அது யாரென்று எனக்குத் தெரியாதா?

கோபத்தில் சிவப்புப் பேனாவை எடுத்தேன். 19-இல் கணக்கைத் திருத்தினேன். முதல் ஏட்டின் ஓரத்தில், வெளிச்சம் நடக்காது, இயற்பியல் படித்தவர்கள் சிரிப்பார்கள் என்று எழுதிவைத்தேன். லேனே ஹாவ் என்ற பெண் (ரோமரைப் போல அவரும் டென்மார்க்காரர்தான்) 1999-லேயே கடுங்குளிரூட்டிய சோடியம் அணுக்களுக்குள் வெளிச்சத்தை நொடிக்கு 17 மீட்டருக்கு இறக்கிவிட்டார். ஒரு பஸ்ஸின் வேகம். நான் சிவப்பு மையில் எழுதியது அதற்கு நான்கு வருடம் கழித்து. பாடம் நடத்துகிறவளுக்கு அதுகூடத் தெரிந்திருக்கவில்லை.

நீ இரண்டு நாள் தேடினாய். நானும் உன்னோடு சேர்ந்து தேடினேன் பாப்பா. கட்டிலுக்கு அடியிலெல்லாம் குனிந்து பார்த்தேன். அதற்குப் பிறகு நீ எழுதியது எதையும் என்னிடம் காட்டியதில்லை. வயது வந்துவிட்டது, அப்படித்தான் இருப்பார்கள் என்று அப்பாவிடம் சொன்னேன். அவருக்கும் கடைசிவரை தெரியாது.

நோட்டைக் கூரியரில் அனுப்புகிறேன். 41-க்கு மேல் தாள்கள் காலியாகவே இருக்கின்றன. எழுது என்று சொல்லவில்லை. சிவப்பு மையை எடுக்கப் பார்த்தேன், ரப்பருக்கு மசியவில்லை, பிளேடால் சுரண்டினேன். முதல் ஏடு தப்பித்தது. 19-இல் ஓரம் கிழிந்துவிட்டது, பின்பக்கம் டேப் ஒட்டியிருக்கிறேன், பிரிக்கும்போது பார்த்துப் பிரி. 27-இல் நான் எதுவும் எழுதவில்லை.

இப்படிக்கு,
அம்மா