'எஸ்' போட நாட்காட்டி எதற்கு? பயிற்சி, ஆடிட் பிரிவுகளுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய பயிற்சி மேலாளர்களுக்கும் ஆடிட் தலைவர்களுக்கும்,

சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் உட்கார்ந்து அமெரிக்க சார்ட்டுகளை, அதாவது நோயாளிகளின் மருத்துவக் குறிப்புகளை, இன்சூரன்ஸ் கிளெய்முக்காகக் கோடு செய்கிறவர்கள் நாங்கள். விபத்துக் காயத்தின் செக்வெலாவுக்கு, அதாவது ஆறிய பிறகும் எஞ்சி நிற்கிற பாதிப்புக்கு, கோடின் ஏழாம் எழுத்தாக எஸ் போடுகிறோம். அதற்கு "ஆறு மாதம் தாண்டினால் எஸ்", "ஒரு வருடம் ஆனால் எஸ்" என்று பயிற்சியில் சொல்லித் தருவதை நிறுத்துங்கள் என்று கேட்கவே இந்த மடல்.

அமெரிக்க நோய்க் கோடுகளின் தொகுப்பான ஐசிடி-10-சிஎம் வழிகாட்டுதலில் அப்படி ஒரு கால வரம்பே கிடையாது. காயத்தின் உடனடிக் கட்டம் முடிந்திருக்க வேண்டும், பாதிப்பு மிஞ்சியிருக்க வேண்டும், அவ்வளவுதான். தழும்பு சீக்கிரமே வரும். மூட்டுத் தேய்மானம் இருபது வருடம் கழித்தும் வரும். ஒரு வருடக் கணக்கு இருப்பது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10இல், டி90 முதல் டி98 வரையிலும் ஒய்85 முதல் ஒய்89 வரையிலுமான தொகுப்புகளில். அந்த டி தொகுப்பு அமெரிக்கப் பதிப்பில் இல்லவே இல்லை. இரண்டையும் கலந்து பாடம் எடுத்தால் புதிதாக வருகிற பிள்ளைகள் என்ன செய்வார்கள்?

ஒரு சார்ட்டைப் பார்ப்போம். 2019இல் கார் விபத்தில் வலது கணுக்காலில் இரண்டு பக்கமும் எலும்பு விலகி முறிந்தது, முறிவு கூடிவிட்டது. இப்போது வந்திருப்பது அந்த முறிவால் ஏற்பட்ட மூட்டுத் தேய்மானத்துக்கு. முதலில் எம்19.171, அடுத்து எஸ்82.841எஸ். இன்றைய பிரச்சினை முன்னால், பழைய காயம் பின்னால். இதைத் தலைகீழாக்கினால், எஸ்-இல் முடியும் கோடை முதல் டயக்னோசிஸாக ஏற்காத இன்சூரன்ஸ் எடிட்டில், அதாவது தானியங்கிச் சோதனை விதியில், கிளெய்ம் சிக்கி டினையலாகத் திரும்பும். நோயாளி கார் ஓட்டி இன்னொரு காரோடு மோதியவர் என்றால், விபத்து நடந்த விதத்துக்காக மூன்றாவதாக வி43.52எக்ஸ்எஸ். அந்த நடு எக்ஸை விட்டுவிட்டு எஸ்ஸை ஆறாம் இடத்தில் வைத்தால் கோடே செல்லாது. விபத்து நடந்த இடத்துக்கான ஒய்92, அப்போது செய்துகொண்டிருந்த செயலுக்கான ஒய்93, சம்பள வேலையா சொந்த நேரமா என்ற நிலைக்கான ஒய்99 மூன்றும் முதல் வருகையோடு முடிந்தவை, இங்கே ஒட்டக்கூடாது.

இதே சார்ட்டில் டாக்டர் "கணுக்கால் தேய்மானம்" என்று ஒரு வரியும் "பழைய முறிவு" என்று இன்னொரு வரியும் எழுதி, இரண்டையும் இணைக்காமல் விட்டிருந்தால்? இணைப்பது கோடரின் வேலை இல்லை. டாக்டரிடமே விளக்கம் கேட்டுக் கொரி அனுப்ப வேண்டும். ஆனால் கொரி போட்ட சார்ட் அன்றைய ப்ரொடக்‌ஷனில் சேராது என்றால் யார் அனுப்புவார்கள்? ஊகித்துப் போட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். இதில் நாங்கள் கோடரைக் குறை சொல்ல மாட்டோம். கொரி போட்ட சார்ட்டையும் டார்கெட்டில் சேருங்கள்.

ஆடிட்டில் அதிகம் தகராறு வருவது எலும்பு கூடாத கேஸ்களில். பத்து மாதமாகியும் கூடவில்லை என்றால் அது செக்வெலா அல்ல, இன்னும் நடப்பு முறிவுதான். மூடிய முறிவென்றால் ஏழாம் எழுத்து கே; கோணலாகக் கூடியிருந்தால் பி. காலின் கீழ்ப்பகுதியில் திறந்த முறிவு என்றால் காயத்தின் வகையைப் பொறுத்து, கூடாததற்கு எம் அல்லது என், கோணலாகக் கூடியதற்கு க்யூ அல்லது ஆர். நன்றாகக் கூடிவரும் மூடிய முறிவுக்கு பிசியோதெரபிக்கு வருகிறவருக்கு டி. இந்த இடங்களில் மாதக் கணக்கை வைத்து எஸ் போடாத கோடருக்கு எரர் மார்க் போடுகிறீர்கள் பாருங்கள், அங்கே தவறு ஆடிட்டருடையது. முறிவு முழுதாக ஆறி எந்தப் பாதிப்பும் மிஞ்சவில்லை என்றால் எஸ்ஸும் வேண்டாம், இசட்87.81 போதும்.

தீக்காயத்துக்கு ஒரு விலக்கு உண்டு. ஒரே நோயாளிக்கு ஓர் இடம் ஆறித் தழும்பாகியிருக்கும், இன்னோர் இடம் இன்னும் ஆறாமல் இருக்கும். அப்போது ஆறாத இடத்துக்கு ஏ (நடப்புச் சிகிச்சை) அல்லது டி (தொடர் வருகை) முடிவும், தழும்புக்கு எஸ் முடிவும் ஒரே பதிவில் வரலாம் என்று வழிகாட்டுதலே சொல்கிறது. அதை "முரண்பாடு" என்று தானாகத் தள்ளும் உங்கள் எடிட் விதியை, தீக்காயக் கோடுகளுக்கு மட்டுமாவது அடுத்த அப்டேட்டில் நீக்கிவிடுங்கள்.

இப்படிக்கு,
காயப் பின்விளைவு சார்ட்டுகளைப் பார்க்கும் கோடர்கள் சிலர்