ஓவனில் உப்புக்கறி

காரைக்குடி

அன்புள்ள தம்பிக்கு,

நாங்கள் இருவரும் நலம். அம்மாவுக்கு மூட்டுவலி முன்னைக்கு இப்போது தேவலை. மழைதான் இன்னும் பிடிக்கவில்லை.

புது வீட்டுப் படங்களை அம்மா திரும்பத் திரும்பப் பெரிதாக்கிப் பார்த்தாள். அவள் ஜன்னல் திரைச்சீலையைப் பார்த்தாள், நான் அடுப்பைப் பார்த்தேன். கண்ணாடிக் கதவு போட்ட அவ்வளவு பெரிய ஓவன், அதற்குள் நீ வாணலியையும் தோசைக்கல்லையும் அடுக்கி வைத்திருக்கிறாய். செக்ரியில், அதாவது இங்குள்ள மத்திய மின்வேதியியல் ஆய்வகத்தில், உலைகளோடு மல்லுக்கட்டியே பணி ஓய்வு பெற்றவனுக்கு அதைப் பார்த்தால் எப்படி இருக்கும்? போனில் சொன்னால் "சரிப்பா, அப்புறம் பார்க்கிறேன்" என்பாய். அதோடு போயிற்று. அதனால்தான் எழுதுகிறேன்.

அந்த ஊர் ஓட்டலில் "செட்டிநாடு சிக்கன்" சாப்பிட்டு வயிறு எரிந்ததாகச் சொன்னாய். எரியாமல் என்ன செய்யும்? சிவப்புச் சாயம், தக்காளி விழுது, கை நிறைய மிளகுத்தூள், இவற்றைக் கொட்டிவிட்டால் நம் ஊர்ப் பெயரை வைத்துக்கொள்ளலாம் என்று எல்லாரும் முடிவு கட்டிவிட்டார்கள். கல்பாசி, மராட்டி மொக்கு, அன்னாசிப்பூ எல்லாம் வறுத்து அரைத்துச் செய்வதும் நம் சமையல்தான், இல்லையென்று சொல்லவில்லை. அதெல்லாம் விருந்தாளி வந்தால். விசேஷம் ஒன்றுமில்லாத ஞாயிற்றுக்கிழமைக்கு அப்பத்தா செய்தது உப்புக்கறி. சின்ன வெங்காயம், பூண்டு, வரமிளகாய், மஞ்சள், உப்பு, நல்லெண்ணெய். அவ்வளவுதான். மசாலாப் பொடி ஒரு சிட்டிகைகூடக் கிடையாது. ஊரிலிருந்து மசாலா வந்தபிறகு சமைக்கிறேன் என்று நீ சொல்வதை அதனால்தான் நான் காதில் வாங்குவதில்லை. உன் அலமாரியில் இன்றைக்கு இருப்பதே போதும்.

உப்புக்கறியை அடுப்பில் செய்தால் ஒருவர் பக்கத்திலேயே நின்று, அவ்வப்போது தண்ணீர் தெளித்து, பிரட்டிக்கொண்டே இருக்க வேண்டும். வேலை முடிந்து வந்து நிற்க உனக்குத் தெம்பிருக்காது. ஓவனில் அந்த நிற்கும் வேலை இல்லை. நம் வீட்டு ஓடிஜியில் (மேசைமேல் இருக்கும் சின்ன ஓவனில்) ஆடி மாதமே செய்து பார்த்துவிட்டேன், நன்றாகத்தான் வந்தது. (புரட்டாசியில் உட்கார்ந்து கோழியைப் பற்றி எழுதுகிறேன் என்று அம்மாவுக்குத் தெரியாது. கரண்ட் பில் கணக்குப் பார்ப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறாள். ஐப்பசி பிறக்கும்வரை இந்தக் கடிதத்தைப் பற்றிப் போனில் பேச வேண்டாம்.)

முதலில் கோழி. நெஞ்சுக்கறி வாங்காதே. விலை கூட, சீக்கிரம் வறண்டும் போகும். தொடையும் காலும் சேர்ந்த துண்டாக, எலும்போடு, தோலோடு ஒரு கிலோ வாங்கு. தோல் வேண்டாம் என்று சொல்லும் பழக்கத்தை இதற்கு மட்டும் விட்டுவிடு. ஊரில் நாட்டுக்கோழியை இறகு பிடுங்கி, மஞ்சள் தடவி, தீயில் வாட்டித் தோலோடுதானே வெட்டுகிறோம்? கடையில் பிராய்லர் வாங்க ஆரம்பித்த பிறகுதான் தோலை உரிக்கச் சொல்லிப் பழகினோம். ஓவன் சூட்டில் அந்தத் தோலின் கொழுப்பு உருகி இறங்கித்தான் கறியைக் காயவிடாமல் வைக்கும்.

கோழியைக் கழுவலாமா கூடாதா என்பதில் எனக்கும் அம்மாவுக்கும் வழக்கு இன்னும் தீரவில்லை. மஞ்சள் போட்டு நாலு தண்ணீரில் அலசாவிட்டால் அவளுக்கு அது கறியே இல்லை. பாக்கெட்டில் வரும் கோழியைக் குழாயடியில் பிடித்தால் அதிலிருக்கும் கிருமி தொட்டி, மேடை, பக்கத்தில் நறுக்கி வைத்த வெங்காயம் வரை தெறிக்கும். நன்றாக வேகவைத்தால் கிருமி சாகும். அதனால் கழுவாமல் காகிதத் துண்டால் ஒற்றி எடு. கையைச் சோப்புப் போட்டுக் கழுவு. இதை நான் சொன்னதாக அவளிடம் சொல்லாதே.

ஒற்றி எடுத்த துண்டுகளில் உப்பையும் அரை ஸ்பூன் மஞ்சள்தூளையும் எல்லாப் பக்கமும் தடவி, முந்தின நாள் இரவே ஃப்ரிட்ஜின் அடித்தட்டில் மூடாமல் வை. கிலோவுக்குத் தூளுப்பு தலைதட்டி இரண்டு டீஸ்பூன், ஏறக்குறைய 12 கிராம். கல்லுப்பை ஸ்பூனில் அளக்காதே, இடைவெளி விட்டு நிற்கும், கணக்குத் தப்பும். எடை போட்டுக்கொள். மூடாமல் வைக்கச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. தோலில் ஈரம் இருக்கும்வரை அதன் சூடு 100 டிகிரியைத் தாண்டாது, உள்ளே வருகிற சூடெல்லாம் தண்ணீரை ஆவியாக்கவே செலவாகும். அந்த நிலையில் கோழி வேகும், ஆனால் சிவக்காது. ஃப்ரிட்ஜின் குளிர்காற்று ராத்திரி முழுக்கத் தோலைக் காயவைத்துவிடும். நேரமில்லாத நாளில் ஒரு மணி நேரம் ஊறினாலும் சாப்பிடலாம், தோல் மட்டும் கொஞ்சம் நமுத்தாற்போல் இருக்கும்.

இனி மிளகாய். இந்தச் சமையலில் கவனம் வேண்டிய இடம் இதுதான். இங்கே நாம் போடுவது குண்டு மிளகாய். ராமநாதபுரம் முண்டு என்று 2023-ல் புவிசார் குறியீடு வாங்கியதே, அதேதான். நம் கடைக்காரர் அதைச் சொல்லிச் சொல்லியே விலையை ஏற்றிவிட்டார். உன்னிடம் நீள மிளகாய் இருந்தால் அதுவும் சரி. எட்டு, பத்து எடுத்துக் காம்பு கிள்ளி, இரண்டாக உடைத்து, உள்ளங்கையில் கவிழ்த்துத் தட்டு. விதை பொலபொலவென்று உதிரும். காரம் கொஞ்சம் குறையும், வாசம் அப்படியே நிற்கும். சின்ன வாணலியில் நாலு மேசைக்கரண்டி நல்லெண்ணெய் விட்டு, அது புகைவதற்கு முன்பே மிளகாயைப் போடு. கொஞ்ச நேரத்தில் மிளகாய் உப்பி வரும், சிவப்பு கறுக்கத் தொடங்கும், எண்ணெய் செம்மண் நிறத்துக்கு வரும். நெடி மூக்கில் ஏறப்போகிறது என்று தோன்றும்போதே இறக்கிவிடு. விட்டால் கூரையிலிருக்கும் புகைமணி அலறி மாடி வீட்டுக்காரர் வந்து கதவைத் தட்டுவார்.

நல்லெண்ணெய் தீர்ந்துபோனால் சீனக் கடையில் கிடைக்கும் கருத்த எள்ளெண்ணெயை வாங்கி ஊற்றிவிடாதே. அது வறுத்த எள்ளிலிருந்து எடுப்பது, கடைசியில் இரண்டு சொட்டு விடுவதற்கு ஆனது. சூரியகாந்தி எண்ணெய் போதும்.

சின்ன வெங்காயம் அங்கே கிடைத்தால் உரித்து முழுசாக இருபது, இருபத்தைந்து. கிடைக்காவிட்டால் பெரிய வெங்காயம் மூன்றை வேர்ப்பக்கத்தை வெட்டிவிடாமல் நாலு நாலாகப் பிள, இதழ் பிரியாது. பூண்டு ஒரு முழுசு, பல் பிரித்துத் தோலோடு. தோலுக்குள்ளேயே வெந்து குழைந்துவிடும், தட்டில் பிதுக்கிக்கொள்ளலாம். உருளைக்கிழங்கு அப்பத்தா போட்டதில்லை, நான் போடுகிறேன். நடுத்தரமாக மூன்றைத் துண்டாக்கி உப்புத் தண்ணீரில் ஐந்தாறு நிமிடம் கொதிக்கவிட்டு, தண்ணீரை வடித்து, மூடி போட்டு ஒரு குலுக்குக் குலுக்கு. ஓரமெல்லாம் உடைந்து பொருக்குத் தட்டும். அந்தப் பொருக்குதான் பின்னால் மொறுமொறுப்பாகும்.

தட்டில் முதலில் வெங்காயம், பூண்டு, கிழங்கு. அதன்மேல் மிளகாய். அதன்மேல் கோழி, தோல் மேலே பார்க்க. மிளகாய் கோழிக்கு அடியில்தான் இருக்கவேண்டும், மேலே கிடந்தால் கால்மணி நேரத்தில் கரியாகிவிடும். வாணலியில் மிச்சமிருக்கும் மிளகாய் எண்ணெயை எல்லாவற்றின் மேலும் ஊற்று. துண்டுகள் ஒன்றையொன்று இடிக்காமல் இருக்கட்டும். நெருக்கி அடுக்கினால் விடுகிற தண்ணீரிலேயே அவிந்துபோகும். அலுமினியத் தாள் போட்டு மூடாதே. மூடினால் அது தம், நமக்கு இங்கே வேண்டியது வறட்டுச் சூடு.

தட்டு என்றதும் ஞாபகம் வந்தது. முனீஸ்வரன் கோயில் தெருவில் பழைய சாமான் கடையில் குழிவான எனாமல் தட்டு ஒன்று வாங்கி வைத்திருக்கிறேன், நீல ஓரம் போட்டது. பர்மா, மலாயா என்று போய்வந்தவர்கள் கொண்டுவந்து குவித்த சாமான் இன்னும் அந்தத் தெருவில் தீர்ந்தபாடில்லை. அம்மா வடகம் காயவைக்க ஆகும் என்று கண் வைத்திருக்கிறாள். இரும்புத் தகட்டின் மேல் கண்ணாடிப் பூச்சை 800 டிகிரி அளவில் சுட்டு எடுப்பதுதான் எனாமல், உன் ஓவன் அதை ஒன்றும் செய்யாது. பூச்சு தெறித்திருக்கிறதா என்று விரலால் தடவிப் பார்த்துத்தான் வாங்கினேன். அது வந்து சேரும்வரை ஓவனோடு வந்த தட்டையே வைத்துக்கொள். கண்ணாடித் தட்டாக இருந்தால் ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்ததும் நேராகச் சூட்டில் வைக்காதே, விரிசல் விட்டுவிடும்.

குமிழ் படத்தையும் பார்த்தேன். மேலே ஒரு கோடு, கீழே ஒரு கோடு போட்டிருப்பது மேல்சூடும் கீழ்சூடும். அதில் 200 டிகிரி. வட்டத்துக்குள் விசிறி போட்டிருப்பதில் வைத்தால் 180 போதும், காற்று ஓடுவதால் சூடு வேகமாக ஏறும். விளக்கு அணைந்துவிட்டது என்று உடனே தட்டை உள்ளே தள்ளாதே, காற்று சூடாகியிருக்கும், சுவர் சூடாகியிருக்காது. இன்னும் பத்து நிமிடம் பொறு. வீட்டு ஓவன்களில் குமிழ் சொல்வதும் உள்ளே இருப்பதும் பத்து இருபது டிகிரி தள்ளிப்போவது சகஜம். ஆய்வகத்தில் நாங்கள் உலையின் குமிழை நம்பியதே இல்லை, தனியாக ஒரு தெர்மாமீட்டர் வைத்துத்தான் பார்ப்போம்.

நடுத்தட்டில் வை. நாற்பது, நாற்பத்தைந்து நிமிடம். பாதியில் ஒரே ஒரு தடவை திறந்து, அடியில் இறங்கியிருக்கும் எண்ணெயை ஸ்பூனால் எடுத்துக் கிழங்கின்மேல் விடு. தோலின்மேல் விடாதே. மற்றபடி கதவைத் திறந்து திறந்து பார்க்காதே. 100 டிகிரி தண்ணீரில் விரல் பட்டால் வெந்துவிடும், 200 டிகிரி ஓவனுக்குள் ஒரு நொடி கையை நீட்டினால் ஒன்றும் ஆகாது. காற்று அவ்வளவு மெதுவாகத்தான் சூட்டைக் கொடுக்கும். அதையும் திறந்துவிட்டால் எப்போது வேகும்?

வெந்ததா என்று பார்க்க, கறியில் குத்திப் பார்க்கும் தெர்மாமீட்டர் ஒன்று வாங்கிவிடு. தொடையின் தடித்த இடத்தில், எலும்பில் படாமல் குத்து. 74 டிகிரி தாண்டிவிட்டால் பயமில்லை என்று அமெரிக்க விவசாயத் துறை சொல்கிறது. நான் தொடைக்கறியை 80-க்கு மேல் போகவிடுவேன். அந்தச் சூட்டில்தான் மூட்டுப் பக்கத்துச் சவ்வு கரைந்து கறி எலும்பை விட்டு வரும்.

கடைசி ஐந்து நிமிடத்துக்குத்தான் மிளகு. ஒரு ஸ்பூன் மிளகு, அரை ஸ்பூன் சோம்பு, இரண்டையும் ஒன்றிரண்டாகத் தட்டி, கறிவேப்பிலை இருந்தால் ஒரு கொத்து உருவி, அடியில் இருக்கும் சூடான எண்ணெயில் தூவி மறுபடி உள்ளே வை. முதலிலேயே போட்டால் மிளகு கருகிக் கசக்கும். சோம்பு உப்புக்கறிக்குள் வரலாமா என்று சித்தி சண்டைக்கு வருவாள். அவள் வீட்டில் அவள் இஷ்டம். வெளியே எடுத்ததும் பத்து நிமிடம் அப்படியே விட்டுவிட்டு அதற்குள் சோறு வடித்துக்கொள்.

தட்டில் கோழியை எடுத்துக்கொண்ட பிறகு அடியில் என்ன இருக்கிறது என்று பார். கறுத்து ஒட்டிய வெங்காயம், குழைந்த பூண்டு, மிளகாய்த்தோல், உப்பேறிய எண்ணெய். அதில் ஆவி பறக்கும் சோற்றை இரண்டு கரண்டி போட்டு, கரண்டியின் முதுகால் அடியைச் சுரண்டிச் சுரண்டிப் பிரட்டு. சட்டிச் சோற்றுக்கு நீயும் உன் அக்காவும் போட்ட சண்டை தெருவுக்கே தெரியும். அப்பத்தா ஒன்றும் சொல்லமாட்டாள், சண்டை முடிவதற்குள் இரண்டு உருண்டையாக உருட்டி ஆளுக்கொன்று கையில் வைத்துவிடுவாள். பெரிய உருண்டை யாருக்கு என்பதில் மறுபடி சண்டை. இப்போது அங்கே நீ ஒருத்தன்தானே, முழுசும் உனக்குத்தான். கூடத் தங்கியிருக்கும் பையனுக்குக் கொடுத்தால் காரம் தாங்குவானா என்று கேட்டுக்கொள்.

எலும்பைக் குப்பையில் போடாதே. மறுநாள் குக்கரில் மூழ்கத் தண்ணீர் விட்டு அரைமணி நேரம் வை. அதை வடிகட்டி, மிளகு சீரகம் பூண்டு தட்டிப் போட்டுக் கொதிக்கவிட்டால் ரசம். அந்த ஊர்க் குளிருக்கு இறங்கும்.

தெரிந்தவர் மகன் ஒருவன் அடுத்த வாரம் உன் ஊருக்குக் கிளம்புகிறான். எனாமல் தட்டு, குண்டு மிளகாய் அரைக் கிலோ, சோம்பு, அம்மா நிழலில் காயவைத்த கறிவேப்பிலை, எல்லாம் அவனிடம் கொடுத்தனுப்புகிறேன். வேறு ஏதாவது வேண்டுமானால் வெள்ளிக்கிழமைக்குள் சொல், பெட்டியில் இடம் பார்த்து வைக்கச் சொல்கிறேன்.

அன்புடன்,
அப்பா