வான்கோர் எண்ணெய் வயலின் உறைநில வெப்பநிலைப் பதிவுகள்: கோரிக்கை மனு

அனுப்புநர்:
எண்ணெய்க் குழாய், தொட்டி அடித்தளப் பொறியாளர்கள்,
சென்னை.

பெறுநர்:
செயலாளர் அவர்கள்,
பெட்ரோலியம் மற்றும் இயற்கை எரிவாயு அமைச்சகம்,
புது தில்லி.

பொருள்: வான்கோர் வயலின் உறைநில வெப்பநிலைப் பதிவுகளைக் கேட்டுப் பெறுமாறு இந்தியப் பொதுத்துறை நிறுவனங்களுக்கு அறிவுறுத்தக் கோருதல் – தொடர்பாக.

ஐயா,

ரஷ்யாவில் ஆர்க்டிக் வட்டத்துக்கு வடக்கே உள்ள வான்கோர் வயலில், 2016 முதல் ஓ.என்.ஜி.சி. விதேஷ் 26 விழுக்காடும் மற்ற மூன்று இந்திய நிறுவனங்கள் கூட்டாக 23.9 விழுக்காடும் பங்கு வைத்துள்ளன. கிட்டத்தட்ட பாதி. அங்கே எண்ணெய் கொட்டினால் அந்தப் பழியிலும் பாதி நமக்கு உண்டு.

உறைநிலம் என்பது ஆண்டு முழுதும் உறைந்தே கிடக்கும் மண். அதில் இறக்கிய பைலை, அதாவது கட்டுமானத்தைத் தாங்கும் அடித்தளத் தூணை, சுற்றி உறைந்த மண்தான் பிடித்து நிறுத்துகிறது. மண் முழுதும் உருக வேண்டியதில்லை. மைனஸ் 3 டிகிரி மைனஸ் 1 ஆனாலே பிடிமானம் வெகுவாகத் தளரும். மண்ணைக் குளிர்விக்க நடப்படும் தெர்மோசைஃபன் குழாய்கள், காற்று மண்ணைவிடக் குளிர்ந்திருக்கும் மாதங்களில்தான் வேலை செய்யும். உள்ளிருக்கும் கார்பன் டை ஆக்சைடோ அம்மோனியாவோ கசிந்துவிட்டால் குழாய் வெறுமனே நிற்கும். பார்வைக்கு ஒரு குறையும் தெரியாது. பைல் ஆழம் வரை இறக்கிய வெப்பமானிகள்தான் காட்டிக்கொடுக்கும்.

இதே கிராஸ்நயார்ஸ்க் பிரதேசத்தின் நொரில்ஸ்க்கில், 2020 மே 29 அன்று மின்நிலையத் தொட்டி ஒன்றின் அடித்தளம் இறங்கி சுமார் 21,000 டன் டீசல் கொட்டியது. அது எண்ணெய் வயல் அல்லதான். ஆனால் பைலுக்கு அந்த வேறுபாடு தெரியாது. கசிவைத் தேக்கத் தொட்டியைச் சுற்றி எழுப்பும் தடுப்புக் கரையையும் மீறி, டீசலின் பெரும்பகுதி அம்பர்னயா ஆற்றில் கலந்தது. தகவல் தாமதமானதை அந்நாட்டு அதிபரே வெளிப்படையாகக் கண்டித்தார். தைமிர் பகுதியின் டோல்கன், நெனெட்ஸ், நகனாசன் மக்களுக்கு ஆற்று மீனும் கலைமானும்தான் உணவு.

எனவே, ஒவ்வொரு தொட்டிக்கும் குழாய்த் தாங்கிக்கும் பைல் ஆழ வெப்பநிலையை ஏப்ரலிலும் அக்டோபரிலும் அளந்து, பைல் இறங்கியிருக்கிறதா என்று காட்டும் பைல் தலை மட்டத்தையும் சேர்த்துத் தருமாறு, வான்கோர் நிர்வாகக் குழுவில் உள்ள நம் இயக்குநர்கள் எழுத்துமூலம் கேட்க வேண்டும். ஆண்டுச் சராசரி போதாது. ஏறுமுகம் அதில் மறைந்துவிடும். தடுப்புக் கரை பெரிய தொட்டியின் கொள்ளளவில் 110 விழுக்காட்டைத் தாங்குகிறதா, எண்ணெய் மண்ணில் இறங்காமலிருக்க அதனுள் விரித்த உள்விரிப்பு கிழியாமல் இருக்கிறதா என்பதையும் சரிபார்க்க வேண்டும். 2022 முதல் ரஷ்ய வங்கிகளில் முடங்கிக் கிடக்கும் நம் நிறுவனங்களின் ஈவுத்தொகைக்காக எப்படியும் பேச்சு நடக்கிறது. அதே மேசையில் இதையும் வைக்கலாம்.

கசிவு ஏற்பட்டால், ஆற்றின் கீழ்ப்பகுதிக் குடியிருப்புகளுக்கு அன்றைக்கே அவர்கள் மொழியில் தகவல் போக வேண்டும் என்ற விதியையும் சேர்க்கக் கோருகிறோம்.

இப்படிக்கு,
மனுதாரர்கள்