வைரத்துக்கு முன்பே வாங்கிய ஊர்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த இங்கிலாந்தின் சாலிஸ்பரி பயணக் கட்டுரையை இரண்டு தடவை படித்தேன். ஸ்டோன்ஹெஞ்சுக்கும், பேராலயத்தின் 123 மீட்டர் ஊசிக்கோபுரத்துக்கும் தாராளமாக இடம் ஒதுக்கியவர், ஸ்ட்ராட்ஃபர்ட் சப் காசில் என்ற சிற்றூரை ஒரே வரியில் தாண்டிப் போய்விட்டார். மதராஸ் கவர்னர் தாமஸ் பிட் வைரம் விற்ற பணத்தில் வாங்கிய கிராமம் என்று. அந்த ஒரு வரியும் தப்பு.

நான் நில அளவைத் துறையில் முப்பத்திரண்டு வருஷம் சங்கிலி பிடித்தவன். ஒரு சொத்து யார் கையிலிருந்து யார் கைக்கு எப்போது மாறியது என்பதில் குளறுபடி இருந்தால் எனக்குத் தூக்கம் வராது. அதுதான் எழுதுகிறேன்.

பிட் அந்த ஊரின் மேனரை வாங்கியது 1690களின் தொடக்கத்தில். மேனர் என்றால் வெறும் பங்களா அல்ல. நிலம், குடியானவர்களிடம் வர வேண்டிய வருமானம், ஊர் மேல் உள்ள அதிகாரம் எல்லாம் சேர்ந்த உரிமை. நம் மிராசையும் ஜமீனையும் கலந்தாற்போல ஒன்று. அவர் மதராஸுக்கு கவர்னராக வந்து இறங்கியது 1698ல். வைரம் கைக்கு வந்தது அதற்கும் பிறகு. விற்றது 1717ல். கால் நூற்றாண்டுக்குப் பின் வந்த பணத்தில் எப்படி முன்கூட்டியே கிரயம் முடிப்பது?

அப்படியானால் முதல் பணம் எது? டார்செட் மாவட்டத்தில் ஒரு பாதிரியாரின் மகன் பிட். 1674ல் கிழக்கிந்தியக் கம்பெனிக் கப்பலில் வந்தவர், ஒரிசாக் கரையில் பாலசோரில் இறங்கிக்கொண்டு தனியாக வியாபாரம் பார்க்க ஆரம்பித்துவிட்டார். கம்பெனியின் ஏகபோகத்தை மீறி இப்படிப் புகுந்து வியாபாரம் செய்தவர்களைக் கம்பெனிக்காரர்கள் திருட்டு வியாபாரிகளாகவே பார்த்தார்கள். வழக்குப் போட்டார்கள், அபராதம் விதித்தார்கள், மனிதர் அசரவில்லை. அந்தப் பணம்தான் ஸ்ட்ராட்ஃபர்டில் நிலமானது. கடைசியில் கம்பெனியே அவரைக் கூப்பிட்டுத் தன் கோட்டைக்குத் தலைவராக்கியது. அடக்க முடியாதவனுக்கு வேலை கொடுத்துவிடுவது எல்லா ஊரிலும் உள்ள வழக்கம்தான்.

நிலம் என்று பார்த்தால் அது பெரிய விளைநிலம் இல்லை. ஏவன் ஆற்றங்கரையில் புல்வெளியும் சில வீடுகளும். ஊர்ப்பெயரிலேயே கதை இருக்கிறது: கோட்டைக்குக் கீழே, ரோமானியர் சாலை ஆற்றைக் கடந்த துறை. மேலே மேட்டில் இருந்த கோட்டைதான் ஓல்டு சேரம். 1086ல் வில்லியம் மன்னர் தன் நிலக்கிழார்களைக் கூட்டி விசுவாசச் சத்தியம் வாங்கிய இடம். அங்கே ஒரு பேராலயமும் இருந்தது. காற்று தாங்காது, தண்ணீர் கிடைக்காது, சிப்பாய்களோடு பாதிரிமாருக்கு ஓயாத சண்டை. 1220ல் கீழே சமவெளியில் புதுப் பேராலயத்துக்கு அடிக்கல் நாட்டினார்கள். ஜனங்களும் இறங்கிப் போனார்கள். மேட்டில் மிஞ்சியது இடிபாடு.

ஆனால் அந்த இடிபாட்டுக்கு நாடாளுமன்றத்தில் இரண்டு இடம் இருந்தது! பிட் விலை கொடுத்தது இதற்குத்தான். குறிப்பிட்ட சில மனைகளுக்கு உரியவர்களுக்கு மட்டுமே வாக்கு. மனைகளில் வீடும் இல்லை, ஆளும் இல்லை. தேர்தல் வந்தால், சொன்னபடி கேட்கும் ஆட்களின் பெயருக்கு மனையை மாற்றி எழுதுவார்கள். வயலில் நின்ற ஓர் எல்ம் மரத்தடியில் வாக்கெடுப்பு நடக்கும். மரத்துக்கே பார்லிமெண்ட் மரம் என்று பெயர். இப்போது மரம் இல்லை. கடைசிக் காலத்தில் வாக்காளர் பதினொரு பேர். அவர்களில் ஒருவர்கூட அந்த மேட்டில் குடியிருந்தவர் அல்ல. அதே காலத்தில் மான்செஸ்டர் நகரத்துக்கு உறுப்பினரே கிடையாது. பினாமிப் பட்டாக்கள் எத்தனையோ என் மேசைக்கு வந்திருக்கின்றன. பட்டாவை வைத்து எம்.பி. ஆனதை நான் கேள்விப்பட்டதில்லை.

பிட் தானும் அந்த இடத்தில் உட்கார்ந்தார். பேரன் வில்லியம் பிட் 1735ல் அங்கிருந்துதான் நாடாளுமன்றம் போனார்; பின்னாளில் பிரதமரானார். அவர் மகன், இளைய பிட், 1784ல் சட்டம் கொண்டுவந்து கம்பெனியை அரசாங்கக் கட்டுப்பாட்டுக்குள் வைத்தவர். கம்பெனிக்குத் தண்ணி காட்டியவரின் கொள்ளுப்பேரன் அல்லவா! ஓல்டு சேரம் தொகுதி 1832 சீர்திருத்தச் சட்டத்தோடு ஒழிந்தது.

வைரத்துக்கு வருகிறேன், அதை விட்டால் உங்கள் வாசகர்கள் கோபித்துக்கொள்வார்கள். ஜாம்சந்த் என்ற வியாபாரி மதராஸில் இரண்டு லட்சம் வராகன் (அந்தக் காலத் தங்க நாணயம்) கேட்டான், 48,000க்குப் படிந்தது என்பது பிட் தாமே பின்னால் சத்தியம் செய்து எழுதிவைத்த கணக்கு. சத்தியம் செய்ய வேண்டிய அளவுக்கு ஊர் வாய் பேசியிருக்கிறது. மூத்த மகன் ராபர்ட் அதைச் செருப்புக் குதிக்குள் ஒளித்து லண்டன் கொண்டுபோனதாக உங்கள் கட்டுரையும் சொல்கிறது. பட்டை தீட்டாத கல் 410 காரட். கிட்டத்தட்ட பத்துச் சவரன் எடை, ஒரு சின்ன எலுமிச்சம்பழ அளவு. அதைக் குதியில் வைத்து நாலு எட்டு நடந்து காட்டட்டும், நம்புகிறேன். வைரத்தை வாங்கியவர் பிரெஞ்சு அரசப் பிரதிநிதி ஆர்லியான்ஸ் கோமகன், விலை 1,35,000 பவுண்டு. பிட் அந்தப் பணக்காலத்தில் வாங்கியவை கார்ன்வாலில் பாக்கனாக், பெர்க்ஷயரில் ஸ்வாலோஃபீல்டு போன்ற பெரிய எஸ்டேட்டுகள். கட்டுரையாளர் இவற்றையும் ஸ்ட்ராட்ஃபர்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொண்டார் என்று நினைக்கிறேன்.

மகள் சவுத்தாம்ப்டனில் இருக்கிறாள். போன வருஷம் அவளை நச்சரித்து ஸ்ட்ராட்ஃபர்டுக்குப் போனேன். ஓல்டு சேரம் மேட்டிலிருந்து நடந்தே இறங்கலாம். பிட் குடும்பம் இருந்த மவார்டன் கோர்ட் என்ற வீட்டை வெளியே நின்றுதான் பார்த்தேன். பக்கத்தில் புனித லாரன்ஸ் தேவாலயம். அண்ணாந்து பார்த்தால் கோபுரத்தில் கல்லெழுத்து: தாமஸ் பிட், கொடையாளர், 1711. நம் கோயில் டியூப்லைட்டில் உபயதாரர் பெயர் போடுவது ஞாபகம் வந்து சிரித்துவிட்டேன். மகளுக்குப் புரியவில்லை. அந்தக் கோபுரம், பிட் மதராஸிலிருந்து திரும்பி வந்ததும் கட்டிக்கொடுத்தது. கோபுரத்தில் நம் ஊர்ப் பணம் இருக்கிறதென்று கட்டுரையாளர் எழுதியிருந்தால் நான் வாயைத் திறந்திருக்க மாட்டேன்.

இன்னொன்றும் இருக்கிறது. 1708ல் பிட் காலத்தில்தான் நவாப் தரப்பிலிருந்து ஐந்து கிராமங்கள் கம்பெனிக்கு வந்தன: திருவொற்றியூர், நுங்கம்பாக்கம், வியாசர்பாடி, கத்திவாக்கம், சாத்தங்காடு. நான் பிறந்து வளர்ந்தது அதில் முதல் ஊர். இங்கே பிட் பெயரைச் சொன்னால் யாருக்கும் தெரியாது. ஸ்ட்ராட்ஃபர்டில் வழி கேட்ட ஒரு பாட்டியம்மாவிடம் திருவொற்றியூர் என்றேன், அவருக்கும் தெரியவில்லை.

திருத்தத்தை அடுத்த இதழில் ஒரு மூலையிலாவது போடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நில அளவையாளர்,
திருவொற்றியூர்