மந்திரக் குறிகள் ஒழுங்குமுறைச் சட்ட வரைவுக் குழுவினருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய குழுவினருக்கு,

வணக்கம். இணை உலகங்களுக்கிடையே புழங்கும் ஆபத்தான மந்திரக் குறிகளைக் கட்டுப்படுத்தத் தாங்கள் வெளியிட்டுள்ள சட்ட வரைவை முழுவதும் படித்தேன். இப்படியொரு சட்டம் தேவை என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஓர் உலகில் வெறும் கிறுக்கலாகக் கிடக்கும் கோடுகள் மற்றோர் உலகின் சுவரில் ஏறியதும் தீப்பற்ற வைக்குமானால், அதை அவரவர் விருப்பத்துக்கு விட்டுவிட முடியாது. ஆனால், வரைவு குறியின் விளைவைக் கட்டுப்படுத்தாமல் அதன் வடிவத்தைக் கட்டுப்படுத்த முயல்கிறது. என் மறுப்புகள் யாவும் இந்த ஒன்றிலிருந்தே கிளைக்கின்றன.

அட்டவணையில் கண்ட வடிவங்களை வரைவதும் வைத்திருப்பதும் பிறர் காணக் காட்டுவதும் எல்லா உலகங்களிலும் குற்றம் என்கிறது மூன்றாம் பிரிவு. மந்திரம் சிறிதும் செயல்படாத எங்கள் உலகைப் போன்ற இடங்களையும் அது விட்டுவைக்கவில்லை. இங்கே அவ்வடிவம் யாரோ ஒருவருடைய நெடுங்கணக்கில் ஓர் எழுத்தாக இருக்கலாம். வழிபாட்டுச் சின்னமாகவும் இருக்கலாம். எங்களுக்கு இதில் பட்டறிவு உண்டு. ஜெர்மனியின் தண்டனைச் சட்டத்தில் 86அ பிரிவு நாஜிக் கட்சியின் சின்னங்களைப் பொதுவில் பயன்படுத்துவதைத் தடைசெய்கிறது. அதே சுவஸ்திகம் இந்துக்களுக்கும் பௌத்தர்களுக்கும் சமணர்களுக்கும் மங்கலச் சின்னம். கலை, ஆய்வு, கல்வி ஆகியவற்றுக்கு அச்சட்டம் விலக்கு அளித்திருந்தும், நாஜிகளை எதிர்ப்பதற்காகவே குறுக்கே கோடிட்ட சின்னத்தை விற்றவர் ஒருவர் கீழ் நீதிமன்றத்தில் தண்டிக்கப்பட்டார். 2007இல் உச்சநிலை நீதிமன்றம் அத்தீர்ப்பை நீக்க வேண்டியிருந்தது. விலக்கே இல்லாத தங்கள் மூன்றாம் பிரிவு எத்தனை பேரை அந்நிலைக்குத் தள்ளும் என்பதைத் தாங்களே எண்ணிப் பாருங்கள்.

அட்டவணையைப் பற்றிய என் கவலை இதைவிடப் பெரியது. தடைசெய்யப்பட்ட வடிவங்களைச் சட்டத்தோடு அச்சிட்டால், தீங்கு செய்ய நினைப்பவருக்கு அரசே கையேடு தயாரித்துக் கொடுத்ததாகிவிடும். அட்டவணையை மறைத்து வைத்தாலோ, தான் அறியவே முடியாத ஒரு வடிவத்துக்காக ஒருவர் தண்டிக்கப்படுவார். வரைவு இரண்டாவது வழியைத் தேர்ந்திருக்கிறது. மறைப்பதால் அறியாமை வளருமே தவிர ஆபத்து குறையாது. 1987இல் பிரேசிலின் கோயானியா நகரில், கைவிடப்பட்ட மருத்துவமனையில் கிடந்த கதிரியக்க சீசியத்தை இன்னதென்று அறியாமல் எடுத்துப் பிரித்தார்கள், அதன் நீல ஒளியைக் கண்டு வியந்து உறவினர்களுக்கும் பங்கிட்டார்கள், நால்வர் இறந்தார்கள். கதிரியக்கத்தைக் குறிக்கும் மூவிதழ்ச் சின்னம் 1946ஆம் ஆண்டு முதலே இருந்தாலும், முன்பே கற்றவருக்கன்றி அது எதையும் உணர்த்துவதில்லை. அதனால்தான் 2007இல் மண்டையோட்டையும் தப்பியோடும் மனித உருவத்தையும் சேர்த்த கூடுதல் எச்சரிக்கைச் சின்னம் ஒன்று அறிமுகமானது. தாங்களும் முழு வடிவத்தை ஆய்வாளர்களிடம் வைத்துக்கொண்டு, கோடுகளின் எண்ணிக்கை, திசை, வழக்கமாகப் பொறிக்கப்படும் பொருள் ஆகியவற்றைச் சொற்களால் மட்டும் விவரித்து வெளியிடலாம். அதைப் படித்தவர் குறியை அடையாளம் காண முடிய வேண்டும். அதை மட்டும் கொண்டு வரைய முடியக் கூடாது. இப்படி எழுதுவது கடினம்தான் என்றாலும், சட்டம் எழுதுவோர் படவேண்டிய பாடு அது.

ஒன்பதாம் பிரிவைப் படித்தபோது இதை வரைந்தவர்கள் ஒரு குறியையேனும் அழித்துப் பார்த்திருப்பார்களா என்ற ஐயம் எழுந்தது. தம் இடத்தில் குறி காணப்பட்டால் உரிமையாளரே முப்பது நாளுக்குள் அதை அழித்துவிட வேண்டுமாம். ஏழு கோடுகள் கொண்ட குறியில் ஒரு கோட்டைச் சுரண்டினால் மிஞ்சுவது ஆறு கோடுகள் கொண்ட வேறொரு குறி. அதுவும் அட்டவணையில் இருக்கலாம், முதலாவதைவிடக் கொடியதாகவும் இருக்கலாம். அழிப்பவரோ ஒவ்வொரு கோடாகத்தான் அழிக்கிறார். கல்லில் வெட்டிய குறியாக இருந்தால், இடைப்பட்ட ஒவ்வொரு வடிவமும் மணிக்கணக்கில் நிற்கும். அட்டவணை மறைவாக இருப்பதால், தம் உளி எந்த வடிவத்தை நோக்கிப் போகிறது என்பதை அவர் அறியவும் வழியில்லை. அந்த இடைநிலை வடிவத்துக்காக அவர்மீது மூன்றாம் பிரிவின்கீழ் வழக்குத் தொடர்வதையும் வரைவில் எதுவும் தடுக்கவில்லை.

ஆகவே, மூன்றாம் பிரிவில் ‘வடிவம்’ என்றிருப்பதை ‘அவ்வுலகில் தீங்கு விளைவிக்கக்கூடிய நிலையிலுள்ள குறி’ என்று திருத்துமாறும், மந்திரம் செயல்படாத உலகங்களில் தடையை உலகங்களை இணைக்கும் வாயில்களின் வழியே கொண்டுசெல்லும் பொருள்களோடு நிறுத்துமாறும் கேட்டுக்கொள்கிறேன். அழிக்கும் பொறுப்பு உரிமையாளரிடமிருந்து நீக்கப்பட வேண்டும். அவர் தகவல் தெரிவித்தால் போதும். குறியை முழுவதுமாக மூடி முத்திரையிடுவதும், எந்த வரிசையில் கோடுகளை நீக்குவது என்று முடிவுசெய்வதும் ஆய்வாளரின் கடமையாகட்டும். இத்திருத்தங்கள் ஏற்கப்படும்வரை ஒன்பதாம் பிரிவை மட்டுமாவது நடைமுறைக்குக் கொண்டுவராமல் நிறுத்திவையுங்கள்.

இப்படிக்கு,
மந்திரம் செயல்படாத உலகைச் சேர்ந்த ஒரு குடிமகன்